கடலடியில் கப்பல், கேமரா முன்னால் பேராசிரியர்

செமஸ்டர் தேர்வுக்கு முந்தைய நாள் இரவு. புத்தகத்தை மூடிவிட்டு "பத்தே நிமிஷம்" என்று டிவியைப் போட்டால், சேனல் மாறி மாறி கடைசியில் ஒரு போர் டாகுமெண்டரியில் போய் நிற்கும். சாம்பல் நிறக் கடல். பின்னணியில் டமால் டமால் என்று முரசு. கனத்த குரலில் ஒருவர், "அந்த அதிகாலையில், 1418 பேருக்குத் தெரியாது..." என்று ஆரம்பிப்பார். அப்புறம் திடீரென்று ஒரு புத்தக அலமாரி. அதன் முன்னால் கண்ணாடி போட்ட, நடுத்தர வயதைத் தாண்டிய ஒரு மனிதர். பன்னிரண்டு விநாடி பேசுவார். கீழே ஒரு பட்டை: பெயர், அதற்கடியில் "கடற்படை வரலாற்றாளர்". அவர் வாக்கியத்தை முடித்தாரோ இல்லையோ, அடுத்த குண்டு வெடித்துவிடும்.

யாரையா இந்த மனிதர்? இவரை எங்கிருந்து பிடிக்கிறார்கள்? பன்னிரண்டு விநாடி பேசுவதற்கு எத்தனை வருடம் படித்தார்? பார்க்கிறவர்கள் பெரும்பாலும் இதைக் கேட்பதில்லை. குண்டு எப்போது வெடிக்கும் என்பதுதான் கவலை :-)

கேட்க வேண்டிய கேள்வி அது. ஒரு உதாரணத்தை எடுத்துக்கொண்டு பார்க்கலாம். பிரிட்டனின் எரிக் குரோவ். 1948ல் பிறந்தவர், 2021ல் காலமானவர். கப்பல் டாகுமெண்டரி பார்க்கிற பழக்கம் உள்ளவர்கள் முகத்தைப் பார்த்தால் "அட, இவரா" என்பார்கள். பெயர் மட்டும் நினைவிருக்காது. டிவி வரலாற்றாளர்களின் தலையெழுத்து அப்படி.

குரோவ் 1971ல் டார்ட்மவுத் கடற்படைக் கல்லூரியில் சிவிலியன் ஆசிரியராகச் சேர்ந்தார். ராயல் நேவியின் அதிகாரிகள் உருவாகும் இடம் அது. 1984 வரை அங்கே பாடம் நடத்தினார். நடுவில் ஒரு வருடம் அமெரிக்காவின் அனாபொலிஸ் கடற்படை அகாடமிக்குப் பரிமாற்ற ஆசிரியராகப் போய்வந்தார். பிறகு ஹல், சால்ஃபோர்ட், கடைசியில் லிவர்பூல் ஹோப் பல்கலைக்கழகங்கள். கடற்படை வரலாறு என்கிற துறைக்குப் பெரிய பல்கலைக்கழகங்களில் நாற்காலி போடுவதே அபூர்வம். லண்டன் கிங்ஸ் கல்லூரி ஒரு விதிவிலக்கு.

ஆனால் ஆள் எழுதிய புத்தகங்களைப் பார்த்தால் பன்னிரண்டு விநாடி மனிதர் இல்லை. 1987ல் வந்த 'வான்கார்ட் டு ட்ரைடண்ட்' இரண்டாம் உலகப்போருக்குப் பிந்தைய பிரிட்டிஷ் கடற்படைக் கொள்கையைப் பற்றியது. அந்தக் காலகட்டத்தைப் படிக்கிறவர்கள் இன்றைக்கும் தாண்டிப் போக முடியாத புத்தகம். 1990ல் 'தி ஃப்யூச்சர் ஆஃப் சீ பவர்'. உலகத்துக் கடற்படைகளை எல்லாம் வலிமைக்கு ஏற்ப ஒன்பது படிகளாக அதில் பிரித்தார். எந்த நாட்டுக் கடற்படை எந்தப் படியில் என்று வாதாடுகிற ஆய்வாளர்கள் பலரும் இன்றுவரை அந்த ஏணியில் இருந்துதான் ஆரம்பிக்கிறார்கள். கடல்சார் போர்த்தந்திரத்தின் மூல நூல்களில் ஒன்றான ஜூலியன் கார்பெட்டின் புத்தகத்துக்குக் குறிப்புரையோடு 1988ல் ஒரு பதிப்பு கொண்டுவந்தார். 1995ல் ராயல் நேவி தன் கோட்பாட்டை முதல்முறையாக ஒரு சிறு நூலாக வெளியிட்டபோது, அதை எழுதியதிலும் அவருக்குப் பங்கு உண்டு. ஒரு கடற்படை "நாங்கள் எதற்காக இருக்கிறோம்" என்று எழுத, ஒரு வாத்தியாரைக் கூப்பிட்டிருக்கிறது!

இத்தனையும் செய்தவரை ஊர் உலகம் எதற்காக அறிந்தது? டிவியில் கப்பல் மூழ்கும்போது வந்து பேசுகிறவர் என்று.

பல்கலைக்கழக வட்டாரங்களில் இதற்கு ஒரு இளக்காரம் உண்டு. "டிவி புரொஃபசர்" என்று சொல்லும்போதே உதட்டோரம் ஒரு சிரிப்பு. நம்ம ஊரில் பட்டிமன்றத்துக்குப் போகிற தமிழ்ப் பேராசிரியரைத் துறையில் உள்ளவர்கள் பார்க்கும் அதே பார்வை. ஆராய்ச்சி இதழில் இருபது பேர் படிக்கிற கட்டுரைக்கு மதிப்பு. இருபது லட்சம் பேர் பார்க்கிற படத்தில் ஒரு தவறைத் தடுத்தால் அதற்கு மதிப்பெண் கிடையாது. இந்த இளக்காரம் தவறு. ஏன் தவறு என்பதற்கு 2001ம் வருடத்துக்குப் போக வேண்டும்.

'ஹூட்'. 1918ல் கடலில் இறக்கப்பட்டு 1920ல் சேவைக்கு வந்த பிரிட்டிஷ் போர்க் குரூஸர். 262 மீட்டர் நீளம். இரண்டு உலகப்போர்களுக்கு நடுவில் பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தின் மிதக்கும் விளம்பரப் பலகை என்றே சொல்லலாம். 1923-24ல் உலகத்தைச் சுற்றிக் காட்டுவதற்காக அனுப்பினார்கள். அந்தப் பயணத்தில் திரிகோணமலைத் துறைமுகத்துக்கும் வந்து போயிருக்கிறது. 1941 மே 24 காலை, கிரீன்லாந்துக்கும் ஐஸ்லாந்துக்கும் நடுவில் டென்மார்க் ஜலசந்தியில், ஜெர்மனியின் 'பிஸ்மார்க்'கோடு மோதியது. சண்டை தொடங்கிச் சில நிமிடங்களில் பின்பக்க வெடிமருந்துக் கிடங்கு வெடித்துக் கப்பல் பிளந்தது. 1418 பேரில் பிழைத்தவர்கள் மூன்றே மூன்று பேர். டெட் பிரிக்ஸ், பாப் டில்பர்ன், பில் டண்டாஸ்.

அறுபது வருடம் கழித்து, 2001 ஜூலையில், டேவிட் மேர்ன்ஸ் என்கிற கப்பல் தேடும் நிபுணரின் குழு சேனல் 4 தொலைக்காட்சிக்காகத் தேடி, சுமார் 2800 மீட்டர் ஆழத்தில் அதைக் கண்டுபிடித்தது. அந்தப் பயணத்தில் வரலாற்றாளராகக் கப்பலில் இருந்தவர் எரிக் குரோவ். பீரங்கிக் கணக்குகளில் ஊறிய பில் ஜூரன்ஸும் உடன் இருந்தார். மூவரில் அப்போது உயிரோடு இருந்த ஒரே ஆளான டெட் பிரிக்ஸும் அழைக்கப்பட்டார். மூழ்கிய கப்பலின்மேல் ஒரு நினைவுப் பலகையை வைப்பதற்காக.

இந்தக் காட்சியைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒரு திரையில் கடலடி. சேறு, இரும்பு, சிதறிய தகடுகள். திரைக்கு இந்தப் பக்கம் ஒரு கிழவர். பதினெட்டு வயதில் அந்தக் கப்பலில் இருந்து தண்ணீருக்குள் இழுக்கப்பட்டு, எப்படியோ மேலே வந்தவர். அதோ தெரிவது வெறும் இரும்பு இல்லை, தன்னோடு சாப்பிட்டவர்கள், தூங்கியவர்கள். பக்கத்தில் தயாரிப்பாளர், கேமராமேன், ஒளிபரப்புத் தேதி. அந்த அறையில் ஒரு வரலாற்றாளர் இருப்பதும் இல்லாததும் ஒன்றா? "இது பின்பக்க மாஸ்ட், இது கன்னிங் டவர், இது இங்கே கிடப்பதற்கு இன்ன அர்த்தம்" என்று சொல்ல ஆள் இல்லையென்றால் அங்கே மிஞ்சுவது ஒரு துக்க வீட்டை வேடிக்கை பார்க்கிற கூட்டம்தான்.

அந்தப் படத்தால் வரலாற்றுக்குக் கிடைத்தது என்ன என்று கேட்டால், கிடைத்தது. சுக்கான் இடப்பக்கம் திரும்பிய நிலையிலேயே உறைந்து கிடந்தது. கடைசி நிமிடத்தில் கப்பல் பின்பக்கப் பீரங்கிகளையும் பயன்படுத்தத் திரும்பிக்கொண்டிருந்தது என்று சாட்சிகள் சொன்னதற்கு இரும்பே சாட்சி சொன்னது. உடலின் சேதம் 1941 விசாரணைக் குழுக்கள் நினைத்ததைவிடப் பெரியது என்பதும் தெரிந்தது.

இன்னொரு விஷயம் உண்டு. 'ஹூட்' பற்றிய பழைய டாகுமெண்டரிகள் எல்லாம் சொல்லும் கதை என்ன? கப்பலின் மேல்தளக் கவசம் மெலிது, பிஸ்மார்க்கின் குண்டு வானத்தில் இருந்து செங்குத்தாக இறங்கி அதைத் துளைத்துக்கொண்டு போய்விட்டது. அனிமேஷனுக்கு எவ்வளவு வசதி! குண்டு கூடவே கேமராவும் கீழே இறங்கும். ஆனால் ஜூரன்ஸ் 1987லேயே கணக்குப் போட்டுக் காட்டினார். அந்தக் கடைசி நேரத்துத் தூரத்தில் பிஸ்மார்க்கின் குண்டு அப்படிச் செங்குத்தாக வராது, தாழ்வான கோணத்தில்தான் வரும். அதனால் மேல்தளத்தை மட்டும் குற்றம் சொல்லிக் கதையை முடிக்க முடியாது, வேறு வழிகளையும் பார்க்க வேண்டும். இந்தக் கணக்கு தெரிந்தவர் அறையில் இருந்தால் அனிமேஷன்காரரிடம் "அந்தக் கோணம் தப்பு" என்று சொல்வார். இல்லாவிட்டால் குண்டு செங்குத்தாகத்தான் விழும். கல்லூரிப் பையன் அதைத்தான் நம்புவான், நாலு பேரிடம் சொல்வான், விக்கியில் ஏற்றவும் ஏற்றுவான்.

சரி, வரலாற்றாளர் இருந்துவிட்டால் எல்லாம் ஒழுங்காகிவிடுமா? அங்கேதான் சங்கடம்.

'பார்ஹாம்' என்று ஒரு கப்பல். பிரிட்டிஷ் போர்க்கப்பல்தான். 1941 நவம்பர் 25 அன்று எகிப்துக் கடற்கரைக்கு அப்பால் யூ-331 என்ற ஜெர்மன் நீர்மூழ்கியின் டார்பிடோக்கள் தாக்கின. கப்பல் ஒரு பக்கமாகச் சாய்கிறது. சாய்ந்த உடலின்மேல் எறும்பு போல மனிதர்கள் ஊர்கிறார்கள். சில நிமிடங்களில் பிரம்மாண்டமான ஒரு வெடிப்பு. 800க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். பக்கத்தில் வந்துகொண்டிருந்த 'வேலியண்ட்' கப்பலில் ஜான் டர்னர் என்ற செய்திப்பட கேமராமேன் இருந்தார். அவர் கேமராவை நிறுத்தவில்லை. அந்தச் சுருள் இன்றும் இருக்கிறது.

நீங்கள் அதைக் கட்டாயம் பார்த்திருப்பீர்கள். பார்ஹாம் என்று தெரியாமலே. ஏனென்றால் போர்க்கப்பல் ஒன்று வெடித்துச் சாவது இவ்வளவு அருகில் இருந்து படம் பிடிக்கப்பட்டது இது போல வேறில்லை. அதனால் டாகுமெண்டரிக்காரர்களுக்கு எந்தக் கப்பல் வெடிக்க வேண்டுமானாலும் இதுதான் கை கொடுக்கும். 'ஹூட்' வெடிப்பதற்கு அருகில் இருந்து எடுத்த படமே கிடையாது, தூரத்தில் புகை எழும்புவதைக் காட்டும் ஜெர்மன் புகைப்படங்கள்தான் உண்டு. ஆனாலும் "ஹூட் வெடித்தது" என்று குரல் சொல்லும்போது திரையில் பார்ஹாம் சாய்ந்துகொண்டிருக்கும். முதல் உலகப்போர் என்றால் அதற்கும் ஒரு ஸ்டாக் உண்டு. 1918 ஜூன் 10 அன்று அட்ரியாட்டிக்கில் மூழ்கிய ஆஸ்திரிய-ஹங்கேரியக் கப்பல் 'செண்ட் இஸ்த்வான்'. மெல்லத் தலைகீழாகப் புரளும். ஜட்லாண்ட் சண்டைக்கு அசையும் படம் எதுவும் இல்லை, எனவே இது எந்த நாட்டுக் கொடியின் கீழும் மூழ்கத் தயார்!

சிரிப்பு வரும்தான். ஆனால் அந்தச் சாய்ந்த உடலின்மேல் ஊர்கிற புள்ளிகள் ஒவ்வொன்றும் ஒரு ஆள். யாரோ ஒரு அம்மாவின் பையன், யாரோ ஒருவரின் தாத்தா. பார்ஹாம் மூழ்கியதையே பிரிட்டன் 1942 ஜனவரி வரைக்கும் வெளியே சொல்லாமல் வைத்திருந்தது. உயிரோடு இருக்கிறார்களா இல்லையா என்பதைக்கூட ஊரறியச் சொல்ல முடியாமல் இருந்த குடும்பங்கள் அவை. அந்தக் குடும்பத்தில் யாராவது ஒருவர் டிவி போட்டு, தன் தாத்தாவின் சாவு வேறு ஒரு கப்பலின் பெயரில் நாலாவது தடவையாக ஓடுவதைப் பார்த்தால் எப்படி இருக்கும்?

இந்த இடத்தில் கேள்வி வரலாற்றாளரை நோக்கித் திரும்புகிறது. அதே படத்தில், அந்தக் காட்சிக்கு முன்னும் பின்னும், புத்தக அலமாரி முன்னால் உட்கார்ந்து பேசுகிறவர் இருக்கிறாரே, அவருக்கு இது பார்ஹாம் என்று தெரியாதா? நன்றாகத் தெரியும். அரை விநாடி பார்த்தால் போதும், புகைபோக்கியை வைத்தே சொல்லிவிடுவார். ஆனால் அவர் பேசும்போது அந்தக் காட்சி அங்கே இல்லை. பேட்டி எடுத்த நாளில் இரண்டு மூன்று மணி நேரம் பேச வைக்கிறார்கள். கேள்வி கேட்பவரின் குரல் படத்தில் வராது என்பதால் பதிலிலேயே கேள்வியையும் சேர்த்துச் சொல்லச் சொல்கிறார்கள். "கொஞ்சம் சுருக்கமா, சார்." "இதுதான் போரின் திருப்புமுனைன்னு சொல்லலாமா, சார்?" அவர் "அப்படிச் சொல்வதற்கு முன்னால் மூன்று விஷயங்களைப் பார்க்க வேண்டும்..." என்று ஆரம்பிப்பார். அந்த மூன்று விஷயமும் எடிட்டிங் அறையின் தரையில் கிடக்கும். "திருப்புமுனை" என்ற சொல் மட்டும் படத்தில் ஏறும். மாதங்கள் கழித்து ஒளிபரப்பாகும் இரவில்தான், தன் வாக்கியத்துக்குப் பக்கத்தில் எந்தக் கப்பல் வெடிக்கிறது என்று அவரே முதல்முறை பார்ப்பார்.

ஆக, அவர் கொடுப்பது இரண்டு. ஒன்று தகவல். அதை யாரும் பெரிதாகக் கேட்பதில்லை, புத்தகத்தில் இருக்கிறது. இன்னொன்று முகமும் பட்டமும். படத்துக்கு உண்மையில் வேண்டியது அதுதான். "பேராசிரியரே வந்து பேசியிருக்கிறார், தப்பாக இருக்குமா?" என்று பார்க்கிறவர் நினைக்க வேண்டும். மருந்து விளம்பரத்தில் வெள்ளைக் கோட்டு போட்டு நிற்கிறவரின் வேலை. வித்தியாசம், இவர் நிஜ டாக்டர்.

இதை எதிர்த்து நின்றவர்கள் உண்டு. 1964ல் பிபிசி 'தி கிரேட் வார்' என்று 26 பகுதிகள் கொண்ட தொடரை எடுத்தது. ராணுவ எழுத்தாளர் லிடல் ஹார்ட் அதற்கு ஆலோசகர். சோம் போரைத் தொடர் சித்தரித்த விதம் அவருக்கு ஒப்பவில்லை. என் பெயரை எடுத்துவிடுங்கள் என்று விலகிவிட்டார். அவர் சொன்ன வரலாறு சரியா தவறா என்பது வேறு விவாதம் (இன்றைய ஆய்வாளர்கள் பலர் அவரோடு ஒத்துப்போவதில்லை). ஆனால் "என் பெயர் என் கையெழுத்து, நான் ஒப்புக்கொள்ளாததன் கீழ் அது இருக்காது" என்ற நிலைப்பாடு இருக்கிறதே, அதற்கு ஒரு சல்யூட் போடலாம்.

அதே தொடரில் நடித்துக் காட்டிய காட்சிகளையும் நிஜக் காட்சிகளையும் கலந்துவிட்டார்கள் என்று சண்டை போட்டவர் இம்பீரியல் வார் மியூசியத்தின் இயக்குநர் நோபிள் ஃப்ராங்க்லண்ட். பத்து வருடம் கழித்து, 1973-74ல் தேம்ஸ் தொலைக்காட்சி 'தி வேர்ல்ட் அட் வார்' எடுத்தபோது (அதுவும் 26 பகுதிகள், வாரம் ஒன்று வீதம் அரை வருடத்துக்குக் கணக்காக வரும்) அவரையே ஆலோசகராக வைத்துக்கொண்டார்கள். படச்சுருள் எதைக் காட்டுகிறதோ அதற்குத்தான் பயன்பட வேண்டும் என்பது அவருடைய பிடிவாதம். அந்தத் தொடர் இன்றும் பார்க்கப்படுகிறது. பிடிவாதத்தால் படம் கெட்டுப்போனதாகத் தெரியவில்லை.

இதற்கு முந்தைய தலைமுறையில் பாருங்கள், 1952-53ல் என்பிசியில் வந்த 'விக்டரி அட் சீ'. அதற்கும் 26தான். ரிச்சர்ட் ராஜர்ஸ் மெட்டமைத்த பிரம்மாண்டமான இசை, கம்பீரமான குரல், அலை, பீரங்கி. ஒரு நிபுணர்கூடப் பேச மாட்டார். இன்று பார்த்தால் ஒரு நீண்ட கடற்படைப் பாட்டு போல இருக்கும். அந்த வகையில், பேராசிரியரைத் திரையில் உட்கார வைத்ததே ஒரு முன்னேற்றம்தான். உட்கார வைத்துவிட்டு வாயைப் பொத்துவதுதான் பிரச்னை.

பிஸ்மார்க் கதை இன்னும் வேடிக்கை. 1941 மே 27 அன்று அது மூழ்கியது. 2200 பேருக்கு மேல் இருந்த கப்பலில் பிழைத்தவர்கள் சுமார் 115 பேர். மூழ்கடித்தது யார்? "எங்கள் பீரங்கியும் டார்பிடோவும்" என்கிறது பிரிட்டிஷ் தரப்பு. "நாங்களே வெடிவைத்து மூழ்கடித்தோம்" என்கிறார்கள் உயிர் தப்பிய ஜெர்மானியர்கள். 1989ல் ராபர்ட் பாலார்ட் கப்பலைக் கண்டுபிடித்தபோது ஜெர்மானியர் சொன்னதன் பக்கம் சாய்ந்தார். 2001ல் சேனல் 4 பயணத்தில் அதையும் படம்பிடித்த மேர்ன்ஸ், டார்பிடோ சேதமே போதும், வெடிவைத்தது சில நிமிடங்களை முன்னே தள்ளியிருக்கலாம், அவ்வளவுதான் என்றார். 2002ல் 'டைட்டானிக்' இயக்குநர் ஜேம்ஸ் கேமரூன் போய்ப் படம்பிடித்துவிட்டு, டார்பிடோக்கள் உள்தடுப்புவரை துளைக்கவே இல்லை என்றார். பிரிட்டிஷ் சேனலில் பிரிட்டன் ஜெயித்தது. அமெரிக்கப் படத்தில் ஜெர்மானியர் கப்பலை மானத்தோடு மூழ்கடித்தார்கள். இரண்டு படத்துக்கும் நிபுணர்கள் உண்டு, இரண்டிலும் நேர்மையானவர்களே. பல வருடம் கழித்து, 2019ல், கார்ஸ்கி, டல்லின், ஜூரன்ஸ் மூவரும் கனமான ஒரு புத்தகம் போட்டுத்தான் எல்லாத் தடயங்களையும் ஒரே இடத்தில் அலசினார்கள். கப்பல் ஏற்கெனவே சண்டையில் செத்துவிட்டது, மூழ்கும் கடைசிக் கணத்தை யார் கணக்கில் எழுதுவது என்பதுதான் தகராறு. அந்த ஒரு வரியை எந்த டாகுமெண்டரியின் தலைப்பிலும் போட முடியாது. 'பிஸ்மார்க்கைக் கொன்றது யார்?' என்றால் போடலாம்.

குரோவுக்கு இது தெரியாமல் இல்லை. 2000ல் அவர் எழுதிய புத்தகம் ஒன்று ரிவர் பிளேட் சண்டையைப் பற்றியது. 1939 டிசம்பரில் ஜெர்மனியின் 'கிராஃப் ஸ்பே'யை மூன்று குரூஸர்கள் துரத்தி, அது மாண்டிவிடியோவுக்கு வெளியே தன்னைத்தானே அழித்துக்கொண்ட கதை. பிரிட்டனில் அது வீரகாவியம், சினிமாகூட எடுத்தார்கள். குரோவ் தன் புத்தகத்துக்கு வைத்த தலைப்பு 'கீழ்ப்படியாமையின் விலை'. எதிரிப் போர்க்கப்பல்களோடு மோதாதே, சரக்குக் கப்பல்களை மட்டும் வேட்டையாடு என்பது ஜெர்மன் கேப்டன் லாங்ஸ்டார்ஃபுக்கு இருந்த உத்தரவு. அவர் மோதினார், விலை கொடுத்தார். வெற்றியைக் கொண்டாடும் நாட்டில் உட்கார்ந்துகொண்டு "வெற்றிக்குப் பாதிக் காரணம் எதிரியின் தவறு" என்று எழுத ஒரு தைரியம் வேண்டும். அந்த மனிதரைத்தான் பன்னிரண்டு விநாடிக்குள் அடைக்கிறார்கள்.

"அப்படியென்றால் டிவிக்கே போகாமல் இருந்திருக்கலாமே" என்று கேட்கலாம். போகாமல் இருந்தால் அந்த நாற்காலி காலியாக இருக்காது, நண்பர்களே. வேறு ஒருவர் உட்காருவார். படிக்காதவர், ஆனால் அழகாகப் பேசுகிறவர். அல்லது ஹிட்லரின் ரகசிய ஆயுதம், கடலடி மர்மம் என்று புத்தகம் போட்டு விற்கிறவர். ஹிஸ்டரி சேனல் எங்கே போய்ச் சேர்ந்தது என்று எல்லோருக்கும் தெரியும். பிரமிடை வேற்றுக்கிரகவாசி கட்டினான் என்பதுவரை போயாயிற்று. அந்த வரிசையில் ஒரு குரோவ் இடம்பிடித்து உட்காருவது, வெட்டி ஒட்டிய பன்னிரண்டு விநாடியே ஆனாலும், பொதுச்சேவைதான். ஆண்ட்ரூ லாம்பெர்ட் போல ஒரு சிலருக்கு அதிர்ஷ்டம். கிங்ஸ் கல்லூரிப் பேராசிரியரான அவருக்கு 2004ல் பிபிசி 'வார் அட் சீ' என்ற தொடரை முழுக்கத் தொகுத்து வழங்கவே கொடுத்தது. எல்லோருக்கும் அது வாய்ப்பதில்லை.

நம்மிடம் இல்லாத ஒன்றைப் பற்றிப் பேசுகிறோம் என்பதையும் சொல்லியாக வேண்டும். 1914 செப்டம்பர் 22 இரவு 'எம்டன்' சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திவிட்டுப் போனது. தமிழுக்கு ஒரு புதுச் சொல்லையே கொடுத்துவிட்டுப் போனது. "அவன் சரியான எம்டன்" என்று சொல்லாத வீடு உண்டா? ஆனால் அந்தக் கப்பலைப் பற்றி எடுத்த படங்களில் பேசுகிறவர்கள் ஜெர்மானியர்களும் ஆஸ்திரேலியர்களும். (நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவில் அதை முடித்தது ஆஸ்திரேலியாவின் 'சிட்னி'. அதே பெயரில் பின்னால் வந்த இன்னொரு 'சிட்னி' 1941ல் 645 பேரோடு, ஒருவர்கூடப் பிழைக்காமல் மூழ்கியது. 2008ல் அதைத் தேடிக் கண்டுபிடித்ததும் மேர்ன்ஸ்தான்.) புத்தக அலமாரி முன்னால் உட்கார்ந்து, சென்னைக் கரையில் இருந்து அந்த இரவு எப்படித் தெரிந்தது என்று பேசும் ஆட்கள் நமக்கு எத்தனை பேர்?

செய்யக்கூடியவை பெரிய விஷயங்கள் இல்லை. திரையின் ஓரத்தில் சின்னதாக "இது பார்ஹாம், 1941" என்று ஒரு வரி போட என்ன செலவாகும்? நடித்துக் காட்டும் காட்சிக்கு "சித்தரிப்பு" என்று போடுகிறார்கள்தானே. பேட்டி கொடுக்கும் வரலாற்றாளரும் வாயைத் திறந்து ஒரு நிபந்தனை கேட்கலாம்: என் பேச்சுக்கு முன்னும் பின்னும் என்ன காட்சி வருகிறது என்று ஒளிபரப்புக்கு முன்னால் எனக்குக் காட்டுங்கள். தயாரிப்பாளர் மாட்டேன் என்பார், நேரமில்லை என்பார். பத்து பேர் கேட்டால் பதினோராவது ஆளுக்குக் காட்டுவார். அப்புறம் அந்த மூன்று மணி நேரப் பேட்டி. முன்பெல்லாம் டேப் விலை, அலமாரி இடம் என்று காரணம் சொல்லலாம். இன்று முழுப் பேட்டியையும் இணையத்தில் ஏற்றிவைக்க முடியும். கேட்க ஆள் இருக்காது என்பதும் பொய். யூடியூபில் ஜட்லாண்ட் பற்றி மணிக்கணக்காக, வெடிப்பு மியூசிக் எதுவும் இல்லாமல் பேசுகிறவர்களுக்குப் பெரிய கூட்டமே இருக்கிறது. பார்வையாளருக்குப் பொறுமை இல்லை என்பது தயாரிப்பாளர்களின் பழைய மூடநம்பிக்கை.

பல்கலைக்கழகங்களும் தங்கள் பங்குக்கு அந்த உதட்டோரச் சிரிப்பை நிறுத்தலாம்.

டெட் பிரிக்ஸ் 2008ல் இறந்தார். 'ஹூட்'டின் மணியை மேலே கொண்டுவர வேண்டும், இறந்தவர்களுக்கு அது ஒரு நினைவாக இருக்கும் என்பது அவருடைய விருப்பம். 2012ல் ஒரு முயற்சி, வானிலை கெட்டுத் திரும்பினார்கள். 2015ல் மைக்ரோசாஃப்ட் பால் ஆலனின் 'ஆக்டோபஸ்' கப்பலில் போய் மேர்ன்ஸ் குழு அதை எடுத்தது. 2016 மே 24 அன்று, சரியாக 75 வருடம் கழித்து, போர்ட்ஸ்மவுத் அருங்காட்சியகத்தில் அது வைக்கப்பட்டது. குரோவும் பேசிய 2001ம் வருடப் படம் இன்னும் எங்காவது ஓடிக்கொண்டிருக்கும். தேர்வுக்கு முந்தைய இரவு அகப்பட்டால், வெடிப்புக் காட்சி வரும்போது புகைபோக்கிகளை எண்ணிப் பாருங்கள். 'ஹூட்'டுக்கு இரண்டு. பார்ஹாமுக்கு ஒன்றுதான்.